செயின்ட் மார்கரெட்ஸ் அட் கிளிஃப்: பாறை விளிம்புக் கிராமமும் போர்க்காலச் சின்னங்களும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டோவரின் வெள்ளைப் பாறைகளைப் பார்க்கப் போகிறவர்களும், பார்த்துவிட்டு வந்தவர்களும் இந்தக் கிராமத்தைப் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்கும் சந்தேகங்கள் இவை. கேட்டவர்களின் வார்த்தைகளை அப்படியே விட்டிருக்கிறோம். மேலோட்டமான கேள்விகள் முதலில் வருகின்றன, சிக்கலானவை பின்னால்.

இந்த ஊர் சரியா எங்க இருக்கு? டோவர்தானே இது?

டோவர் இல்லை, டோவருக்குப் பக்கத்து ஊர். இங்கிலாந்தின் தென்கிழக்கு மூலையில், கென்ட் மாவட்டத்தில், டோவருக்கு வடகிழக்கே ஐந்தாறு கிலோமீட்டரில் இருக்கிறது. கிராமம் பாறையின் மேலே. அதன் கீழே, வளைந்து வளைந்து இறங்கும் சாலையின் முடிவில், செயின்ட் மார்கரெட்ஸ் பே என்னும் சிறு கடற்கரை.

பிரிட்டன் பிரான்ஸுக்கு மிக அருகில் வரும் இடம் இதுதான். நடுவில் ஆங்கிலக் கால்வாய் என்னும் கடல், சுமார் 34 கிலோமீட்டர். வானம் தெளிவாக இருந்தால் எதிர்க்கரை வெறுங்கண்ணுக்கே தெரியும். பாறை மேல் நிற்கும்போது கைபேசி பிரெஞ்சு கோபுரத்தைப் பிடித்துக்கொண்டு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளிவிடுவதும் உண்டு. ரயிலைப் பிடிக்க வேண்டியவர்கள் நேரத்தைத் தானாக மாற்றும் வசதியை அணைத்துவிடுங்கள்; ரோமிங் கட்டணத்தையும் கவனியுங்கள்.

இவ்வளவு சின்ன ஊருக்கு எதுக்கு அத்தனை பீரங்கி?

இரண்டு காரணம்: அந்த 34 கிலோமீட்டர், காலடியில் இருக்கும் சுண்ணாம்புப் பாறை. 1940 ஜூனில் பிரான்ஸ் வீழ்ந்ததும் ஜெர்மானியர் கலே பகுதியில் கனரகப் பீரங்கிகளை நிறுத்தத் தொடங்கினார்கள். அங்கிருந்து சுட்டால் குண்டு டோவருக்குள் விழும். பதிலுக்குச் சுட பிரிட்டனுக்குக் கிடைத்த மிக அருகிலான நிலம் இந்தக் கிராமத்தின் வயல்கள். சுண்ணாம்புப் பாறையோ குடைவதற்கு எளிது. குடைந்தால் ஆட்களும் வெடிமருந்தும் பதுங்க இடம் கிடைக்கும்.

1940 ஆகஸ்டில் தொடங்கி 1944 செப்டம்பர் 26 வரை டோவர் நகரத்தின் மீது மட்டும் 2,226 குண்டுகள் விழுந்ததாகக் கணக்கு. இந்தக் கரையோரத்துக்கு ‘நரக நெருப்பு முனை’ என்று பத்திரிகைகள் பெயர் வைத்தது சும்மா இல்லை.

‘வின்னி’, ‘பூ’ன்னு ரெண்டு பீரங்கி இருந்துச்சாமே? இப்ப பார்க்க முடியுமா?

முடியாது. இரண்டும் போருக்குப் பின் பழைய இரும்பாகப் போய்விட்டன. கிராமத்துக்குப் பின்புற நிலத்தில் நின்ற 14 அங்குலக் கப்பற்படைப் பீரங்கிகள் அவை. ஒவ்வொரு குண்டும் சுமார் 720 கிலோ. இயக்கியவர்கள் ராயல் மரீன் வீரர்கள். முதலாவதுக்குப் பிரதமர் வின்ஸ்டன் சர்ச்சிலை வைத்து வின்னி என்று பெயர். அந்தப் பெயரைத் தொடர்ந்து ‘வின்னி த பூ’ என்னும் குழந்தைக் கதைக் கரடியின் நினைவில் இரண்டாவது பூ ஆயிற்று. 1940 ஆகஸ்டில், இங்கிலாந்து மண்ணிலிருந்து கால்வாயைத் தாண்டிப் பிரான்ஸில் விழுந்த முதல் குண்டை அனுப்பியது வின்னிதான்.

இந்த கனமான தளவாடங்கள் ரயிலில் வந்தன. 1890-களில் டோவர் துறைமுக வேலைக்காகப் போட்டுக் கைவிட்ட ஒரு கிளைப்பாதையை, மார்ட்டின் மில் நிலையத்திலிருந்து ராணுவம் மறுபடி போட்டு நீட்டியது. 13.5 அங்குல ரயில் பீரங்கிகளும் அதே தடத்தில்தான் ஓடின. பொழுது இருந்தால் வரைபடத்தில் மார்ட்டின் மில்லைத் தேடிப் பாருங்கள். ஊருக்கு மிக அருகில் உள்ள ரயில் நிலையம் இன்றும் அதுதான்.

அவ்வளவு பெரிய பீரங்கி இருந்தப்புறம் சின்னச் சின்ன பீரங்கி எதுக்கு வெச்சாங்க?

வின்னியால் ஓடும் கப்பலை அடிக்க முடியாது என்பதுதான் பதில். குண்டை ஏற்றவும் குழலைத் திருப்பவும் நேரமாகும். இலக்கைத் திருத்திச் சொல்ல மேலே ஒரு விமானம் பறக்க வேண்டும். எதிர்க்கரையை எட்ட அதிக வெடிமருந்து போட வேண்டியிருந்ததால் குழலும் வேகமாகத் தேய்ந்தது. நகராத இலக்கை, அதாவது எதிர்க்கரைப் பீரங்கித் தளங்களைத் தொந்தரவு செய்யவே அது உதவியது.

கப்பல்களுக்காக மூன்று தளங்களைத் தனியாக அமைத்தார்கள். ஃபேன் பேயில் 6 அங்குலப் பீரங்கிகள் மூன்று. இவை கால்வாயின் பாதிக்கு மேல் எட்டும், வேகமாகச் சுடும். சௌத் ஃபோர்லேண்டில் 9.2 அங்குலம் நான்கு. கிட்டத்தட்ட எதிர்க்கரை வரை. வான்ஸ்டோனில் 15 அங்குலம் இரண்டு, பெயர் ‘ஜேன்’, ‘கிளெம்’. 1942-இல் தயாரான இவை பிரெஞ்சுக் கரையைத் தாண்டியும் எட்டும். தூரம் கூடக் கூட வேகம் குறையும், ஆகவே ஒரே அளவு பீரங்கி எல்லா வேலைக்கும் ஆகாது.

இதற்கு வந்த சோதனை 1942 பிப்ரவரி 12. ஷார்ன்ஹார்ஸ்ட், க்னைசெனாவ் என்னும் ஜெர்மன் போர்க்கப்பல்கள் பட்டப்பகலில் கால்வாயைக் கடந்தன. மூட்டத்தில் கப்பல் கண்ணில் படவில்லை. சௌத் ஃபோர்லேண்ட் தளம் ராடாரை மட்டும் நம்பி 33 குண்டுகள் சுட்டது. ஒன்றும் படவில்லை. ஆனாலும் கண்ணுக்குத் தெரியாத கப்பலை நோக்கி ராடார் காட்டிய திசையில் சுட முடிகிறது என்பதே அன்றைக்குப் புதிது.

எதிர்க்கரையிலிருந்து குண்டு வர்றது முன்கூட்டியே தெரியுமா? சைரன் ஊதுவாங்களா?

விமானத் தாக்குதலுக்குத் தெரியும், பீரங்கிக் குண்டுக்குத் தெரியாது. எதிர்க்கரையில் பீரங்கி வாயின் மின்னலைக் காவலர்கள் கண்டால், குண்டு வந்து விழ ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல் ஆகும். ஊரையே உஷார்ப்படுத்த அது போதாது. குண்டு ஒலியை விட வேகமாக வருவதால் சீறல் சத்தம் முன்னே வராது. முதலில் வெடிப்புதான் கேட்கும்.

அதனால் டோவர் பகுதியில் வேறொரு வழக்கம் வந்தது. முதல் குண்டு விழுந்த பிறகு சைரனை இரண்டு முறை ஊதுவார்கள். ஒருமுறை ஊதினால் விமானம், இருமுறை ஊதினால் பீரங்கி. கடைசிக் குண்டு விழுந்து நெடுநேரம் அமைதியாக இருந்த பின்தான் ஆபத்து நீங்கியதாக அறிவிப்பு வரும். எதிரி நடுவில் நிறுத்தி நிறுத்திச் சுட்டால் சனங்கள் பாதாள அறையிலேயே நாளைக் கழிக்க வேண்டியதுதான்.

அப்போ ஊர்ச் சனங்க என்ன ஆனாங்க?

1940-இல் பெரும்பாலானோர் வெளியேறிவிட்டார்கள். அவர்கள் இருந்த இடத்தில் படைகள் குடியேறின. கீழே கடற்கரையோர வீடுகளையும் ராணுவம் எடுத்துக்கொண்டது. போர் முடிந்தபோது அவை சிதைந்து கிடந்தன. சரிசெய்த சில வீடுகளில் ஒன்றில் நாடகாசிரியர் நோயல் கவர்ட் சில ஆண்டுகள் குடியிருந்தார்; அவருக்குப் பின் அங்கு வந்தவர் ஜேம்ஸ் பாண்ட் கதைகளை எழுதிய இயன் ஃபிளெமிங். இன்று வழிகாட்டிகள் அந்தப் பெயர்களைத்தான் உரக்கச் சொல்கிறார்கள். வீட்டைப் பூட்டிவிட்டுப் போன சாதாரணக் குடும்பங்களைப் பற்றியும் அதே அளவு பேச வேண்டும்.

ஃபேன் பே சுரங்கம், ஃபேன் பே சுரங்கம்னு சொல்றாங்களே, அதுல என்ன விசேஷம்?

மேலே சொன்ன 6 அங்குலப் பீரங்கித் தளத்தின் வீரர்கள் குண்டுவீச்சின்போது தங்குவதற்காக, தரைக்கு 23 மீட்டர் கீழே குடைந்த புகலிடம் அது. நான்கு அதிகாரிகளும் 185 வீரர்கள் வரையும் இருக்கலாம். ஒன்றோடொன்று இணைந்த ஐந்து பெரிய கூடங்கள், ஒரு மருத்துவ அறை, ஒரு பாதுகாப்புக் கிடங்கு. இறங்க 125 படிகள். 1941 ஜூனில் சர்ச்சில் இந்தத் தளத்தைப் பார்வையிட்டார்.

விசேஷம் அளவில் இல்லை. கால்வாயின் இந்தப் பக்கத்தில் இதைவிடப் பெரிய சுரங்கங்கள் உண்டு. ஆனால் இங்கே வேலைக்கு வந்து போன மனிதர்களின் தடம் சுவரிலேயே இருக்கிறது: கத்தி முனையால் சுண்ணாம்பில் கீறிய பெயர்கள், பட்டாளப் பிரிவுகளின் பெயர்கள், கிறுக்கல் படங்கள், கம்பியை வளைத்துச் செய்த கொக்கிகள். சுத்தம் செய்தபோது சுவர் இடுக்கில் செருகிய ஊசியும் நூலும், சிகரெட் பெட்டியும், கால்பந்துப் பந்தயச் சீட்டும் கிடைத்தன. கிழிந்த சட்டையைத் தைத்துவிட்டு, மறுபடி கைக்கு எட்டட்டும் என்று யாரோ வைத்த ஊசி அது.

நூறே நாள்ல தோண்டினாங்கன்னு படிச்சேன். நம்பலாமா?

நம்பலாம். ராணுவப் பொறியியல் பிரிவான ராயல் இன்ஜினியர்ஸின் 172-ஆவது சுரங்கப் படைப்பிரிவு 1940 நவம்பர் 20-இல் தொடங்கி 1941 பிப்ரவரி 28-இல் முடித்தது. வேகத்துக்குக் காரணம் பாறைதான். இந்தச் சுண்ணாம்பு, கருங்கல் மாதிரி வெடி வைத்துத்தான் உடைக்க வேண்டும் என்பதில்லை. மணல் மாதிரி உடனே சரிந்து விழுவதும் இல்லை. வெட்டிய வளைவு கொஞ்ச காலம் தானாகவே நிற்கும். அந்த இடைவெளிக்குள் தாங்கு வளைவை நிறுத்திவிட்டால் போதும்.

தாங்கு வளைவுகள் நிலக்கரிச் சுரங்கங்களில் பயன்படும் அதே எஃகு வளைவுகள். அவற்றின் முதுகில் நெளி தகரத்தைப் போர்த்தினார்கள். தகரத்துக்கு இரண்டு வேலை: உதிரும் கட்டிகளைத் தடுப்பது, கசியும் நீரை ஆட்கள் மேல் விடாமல் ஓரமாக வழியவிடுவது. சுண்ணாம்பு பஞ்சு போல நீரைப் பிடித்து வைக்கும் கல். மழை ஓய்ந்து நாள் கழித்தும் உள்ளே ஈரம் இருக்கும்.

இன்னொரு தலைவலி தோண்டிய மண். புதுச் சுண்ணாம்பு வெள்ளை வெளேர் என்று இருக்கும். பச்சைப் புல்வெளி மேல் குவித்தால் உளவு விமானத்தின் படத்தில் பளிச்சென்று விழும். ஆகையால் தோண்டுவதைப் போலவே தோண்டியதை மறைப்பதும் வேலையின் ஒரு பகுதி.

இவ்வளவு நல்லா இருந்ததை ஏன் மூடினாங்க? யார் திறந்தாங்க?

பீரங்கித் தளம் 1950-களில் கைவிடப்பட்டது. மரத்தையும் இரும்பையும் பயனுள்ளதென்று கழற்றினார்கள். 1970-களில், போர்க்காலக் கட்டடங்கள் கண்ணுக்கு அசிங்கம் என்ற எண்ணத்தில், மேலே இருந்தவற்றை இடித்து, சுரங்க வாயையும் மண்ணால் மூடினார்கள். அந்த முடிவை இன்று குறை சொல்வது எளிது. ஆனால் மூடி வைத்ததால்தான் சுவர்க் கீறல்கள் நாசமாகாமல் தப்பின என்பதும் உண்மை.

2012-இல், பழைய சின்னங்களையும் இயற்கை நிலங்களையும் காக்கும் நேஷனல் டிரஸ்ட் அமைப்பு பொதுமக்களிடம் நிதி திரட்டி இந்தப் பாறைத் துண்டை வாங்கியது. பிறகு ஐம்பதுக்கும் மேற்பட்ட தன்னார்வலர்கள் 18 மாதம் உழைத்து சுமார் 100 டன் மண்ணையும் கற்களையும் கையாலேயே வெளியேற்றினார்கள். 2015 ஜூலை 20-இல் சுரங்கம் மக்களுக்குத் திறந்தது. தகரம் போன இடங்களில் கல் உதிர்வதால் சில பகுதிகளில் புதுத் தாங்கல் கொடுத்திருக்கிறார்கள். உள்ளே போனால் பழைய துருவேறிய வளைவையும் புது வளைவையும் பக்கத்தில் பக்கத்தில் பார்க்கலாம்.

சுரங்கத்துப் பக்கத்துல பெரிய கான்கிரீட் கிண்ணம் மாதிரி ரெண்டு இருக்கே, அது டிஷ் ஆன்டெனாவா?

இல்லை, ஒலி ஆடிகள். ராடார் வருவதற்கு முன், வரும் விமானத்தின் எஞ்சின் சத்தத்தைக் குவித்துக் கேட்பதற்கான சாதனம். இரண்டில் பழையது முதல் உலகப்போர்க் காலத்தது. சுரங்கத்தை மூடிய காலத்தில் இவற்றையும் மண் போட்டுப் புதைத்தார்கள். 2014-இல் மறுபடி தோண்டி எடுத்தார்கள்.

வேலை செய்யும் விதம் இப்படி. கிண்ணத்தின் குழிவு கோளத்தின் ஒரு துண்டு. தூரத்துச் சத்தம் அதில் பட்டு முன்னால் ஒரு சிறு இடத்தில் குவியும். கேட்பவர் அந்த இடத்தில் ஒரு புனலை வைத்து, மருத்துவரின் ஸ்டெதாஸ்கோப் போன்ற குழாயைக் காதில் மாட்டிக்கொள்வார். விமானம் நகர்ந்தால் குவியும் இடமும் நகரும். டன் கணக்கில் எடையுள்ள கிண்ணத்தைத் திருப்ப முடியாது, எனவே புனலைத் திருப்புவார். எங்கே சத்தம் உச்சமோ அந்தக் கோணத்தை அளவுகோலில் படித்தால் விமானத்தின் திசை கிடைக்கும்.

இதன் பலவீனங்கள் மூன்று. காற்று, அலை, போகும் கப்பல் எல்லாச் சத்தமும் உள்ளே வரும். தூரம் எவ்வளவு என்று ஒரே ஆடியால் சொல்ல முடியாது. மூன்றாவதுதான் இதை ஒழித்தது: விமான வேகம். 24 கிலோமீட்டரில் சத்தம் பிடிபட்டதாக வைத்துக்கொள்வோம். மணிக்கு 120 கிலோமீட்டரில் வரும் விமானம் தலைக்கு மேல் வர 12 நிமிடம். 400-இல் வந்தால் மூன்றரை நிமிடத்துக்குச் சற்று மேல்தான்.

ரோட்டுல வரும்போது தெரியுற உயரமான இரும்புக் கோபுரங்கள் அதுக்குப் பதிலா வந்ததா?

ஆமாம். டோவருக்கும் கிராமத்துக்கும் இடையே ஸ்விங்கேட்டில் நிற்பவை ‘செயின் ஹோம்’ ராடார் வரிசையின் முதல் சில நிலையங்களில் ஒன்றின் கோபுரங்கள். அலை அனுப்ப சுமார் 110 மீட்டர் உயர எஃகுக் கோபுரங்கள், திரும்பி வருவதைப் பெற 73 மீட்டர் உயர மரக் கோபுரங்கள். மரத்தாலானவை போய்விட்டன, எஃகில் சில நிற்கின்றன.

1940 ஆகஸ்ட் 12-இல் ஜெர்மன் விமானங்கள் இந்த நிலையத்தைத் தாக்கின. கோபுரம் விழவில்லை. சட்டக வேலைப்பாடாக இருப்பதால் வெடிப்பின் அழுத்தம் கம்பிகளுக்கு நடுவே போய்விடும். அவற்றைக் குறிவைத்தது வீண் என்று எதிரி விரைவில் கைவிட்டது பிரிட்டனுக்குப் பேருதவி.

பாறை விளிம்புல நிக்கிற உயரமான கல் தூணும் இரண்டாம் உலகப்போர் ஞாபகமா?

இது பலரும் குழப்பிக்கொள்வது. லெதர்கோட் முனையில் நிற்கும் அந்தத் தூண் முதல் உலகப்போரில் கால்வாயைக் காத்த ‘டோவர் பேட்ரோல்’ என்னும் கடற்படை ரோந்துப் பிரிவின் நினைவுச் சின்னம். 1921 ஜூலையில் திறந்தார்கள். இதே போன்ற தூண்கள் எதிர்க்கரையில் காப் பிளாங் நே முனையிலும் நியூயார்க்கிலும் உண்டு.

ஒரே நாள்ல எல்லாம் பார்க்கலாமா? எப்படிப் போறது?

பார்க்கலாம், நடக்கத் தயாராக இருந்தால். லண்டன் செயின்ட் பேங்க்ரஸிலிருந்து அதிவேக ரயிலில் டோவர் பிரியரிக்கு ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதல். அங்கிருந்து நேஷனல் டிரஸ்டின் வெள்ளைப் பாறைகள் வரவேற்பு மையம். பாறை மேல் பாதையில் கிழக்கே நடந்தால் முக்கால் மணி நேரத்தில் ஃபேன் பே, மையத்திலிருந்து மூன்று கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேல் சௌத் ஃபோர்லேண்ட் கலங்கரை விளக்கம், பிறகு கிராமம். 2017-இல் டிரஸ்ட் வாங்கிய வான்ஸ்டோன் நிலமும் இடையில்தான். கலங்கரை விளக்கத்தைச் சும்மா கடந்து போகாதீர்கள்: 1899 மார்ச்சில் மார்க்கோனி பிரான்ஸோடு கம்பியில்லாத் தொடர்பு கொண்டபோது இந்தப் பக்கத்து முனை இதுதான்.

சுரங்கம் ஆண்டு முழுவதும் திறந்திருப்பதில்லை. வழிகாட்டியுடன்தான் இறங்க முடியும். கிளம்பும் வாரத்திலேயே டிரஸ்டின் அறிவிப்பைப் பார்த்துவிடுங்கள். தலைக்கவசமும் விளக்கும் அங்கேயே தருவார்கள். காலணி மட்டும் நல்ல பிடிப்புள்ளதாக இருக்கட்டும். ஈரச் சுண்ணாம்பு சோப்பு மாதிரி வழுக்கும். முழங்கால் வலி உள்ளவர்கள் ஏறும்போதும் அதே 125 படி என்பதை மறக்க வேண்டாம். நேரம் குறைவென்றால் மற்றதை விட்டுவிட்டு ஃபேன் பேயை மட்டும் பாருங்கள்.

விளிம்பு வரைக்கும் போய் போட்டோ எடுக்கலாமா? எல்லாரும் எடுக்கறாங்களே.

வேண்டாம். விளிம்பிலிருந்து குறைந்தது ஐந்து மீட்டர் தள்ளி நில்லுங்கள். மேலே புல் கெட்டியாகத் தெரிந்தாலும் அடியில் பாறை அரித்துப்போய் வெறும் புல்வேர் மட்டும் நீட்டிக்கொண்டிருக்கலாம். பாறையின் விரிசலில் புகுந்த நீர் உறைந்து விரியும். உருகும்போது கட்டி கழன்றுவிடும். அதனால் நீண்ட மழைக்கும் கடுங்குளிருக்கும் பின்னால் சரிவு அதிகம். கீழே கடற்கரையில் நடப்பவர்களும் பாறையின் அடியை ஒட்டிப் போகக் கூடாது.

டோவர் கோட்டைச் சுரங்கம், பிரிட்டன் வான்போர் நினைவிடம் – இதெல்லாம் இங்கதானே?

மூன்றும் வேறு வேறு இடம். பிரெஞ்சுக் கரையின் டன்கிர்க்கிலிருந்து படைகளை மீட்ட 1940-இன் திட்டத்தை அட்மிரல் ராம்சே நடத்தியது டோவர் கோட்டைக்கு அடியில் உள்ள சுரங்கங்களிலிருந்து. ஃபேன் பே அப்போது தோண்டவே ஆரம்பிக்கவில்லை. வான்போர் வீரர்களின் நினைவிடம் டோவருக்கு அந்தப் பக்கம், ஃபோக்ஸ்டன் வழியில், கேபல் லெ ஃபெர்ன் என்னும் இன்னொரு பாறை விளிம்புக் கிராமத்தில். தரையில் விமான விசிறி வடிவமும் நடுவே கடலைப் பார்த்து உட்கார்ந்திருக்கும் வீரர் சிலையுமாக 1993-இல் திறந்தது அது. ஒரே நாளில் இரண்டையும் திணிக்காமல் அதற்குத் தனி நாள் ஒதுக்குங்கள்.

வயல்ல துருப்பிடிச்ச இரும்பு, குண்டுத் துண்டு கிடந்தா எடுத்துட்டு வரலாமா?

தொடக்கூடாது. துருவேறிய குண்டு செத்த குண்டு என்று அர்த்தம் இல்லை. உள்ளே இருக்கும் வெடிமருந்து ஆண்டுகள் ஆக ஆக நிலைகுலையவும் செய்யும். இருக்கும் இடத்தைக் குறித்துக்கொண்டு விலகி வந்து 999 என்ற அவசர எண்ணை அழையுங்கள். டிரஸ்ட் நிலத்தில் அனுமதியில்லாமல் உலோகத் தேடும் கருவியோ டிரோனோ பயன்படுத்தக் கூடாது. பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவித்த இடமென்றால் உரிமம் இல்லாத உலோகத் தேடல் சட்டப்படி குற்றம். சுரங்கச் சுவரில் உங்கள் பெயரைக் கீறுவதும் இதில் சேரும்.

நமக்கு எதிரே சுட்ட ஜெர்மன் பீரங்கித் தளங்களைப் போய்ப் பார்க்க முடியுமா?

ஒன்றை முடியும், முக்கியமான இன்னொன்றை முடியாது. டோவரிலிருந்து கலேக்குப் படகில் போய், அங்கிருந்து காப் கிரி நே பக்கம் போனால் ‘டாட்’ தளம். நான்கு 38 சென்டிமீட்டர் பீரங்கிகள் இருந்த இடம்; ஒரு கான்கிரீட் கூடு இன்று அருங்காட்சியகம், வெளியே ஒரு ரயில் பீரங்கியும் நிற்கிறது. சங்கத் ஊருக்கு அருகே இருந்த ‘லிண்டெமான்’ தளம் இன்னும் பெரியது, 40.6 சென்டிமீட்டரில் மூன்று. 1944 செப்டம்பர் கடைசியில் கனடியப் படை இந்தக் கரையைப் பிடித்தபோது, இந்தப் பக்கத்துப் பீரங்கிகளும் எதிர்க்கரைத் தளங்களைச் சுட்டு உதவின. கால்வாய்க்கு அடியில் ரயில் சுரங்கம் தோண்டிய காலத்தில், வெட்டியெடுத்த மண்ணைக் கொட்ட லிண்டெமான் இருந்த இடத்தையே தேர்ந்தெடுத்தார்கள். லிண்டெமான் கூடுகள் இப்போது அந்தச் சேற்றுக்கு அடியில் கிடக்கின்றன.